இரண்டு செஞ்சூரியன்கள், எதிர்த்திசையில் ஒரு கோள்

வானியல் கேள்வி பதில்

சென்ற இதழில் நமக்கு அண்மையிலுள்ள விண்மீன்களைப் பற்றி எழுதியபோது, ஏறக்குறைய 20 ஒளியாண்டு தொலைவில் இரண்டு சிவப்புக் குறுமீன்கள் (சூரியனைவிடச் சிறிய, மங்கலான செந்நிற விண்மீன்கள்) ஒன்றையொன்று சுற்றி வருகின்றன என்றும், அவற்றுள் பெரியதை வியாழனைப் போன்ற கோள் ஒன்று சுற்றுகிறது என்றும் ஒரே வரியில் சொல்லிவிட்டுக் கடந்து சென்றிருந்தேன். அந்த ஒரு வரியைப் பிடித்துக்கொண்டு வாசகர்கள் அனுப்பிய கேள்விகளே இம்முறை இப்பகுதியை நிரப்புகின்றன. ஒரே பொருளில் வந்த கடிதங்களை ஒன்றாகச் சேர்த்திருக்கிறேன்.

அந்த விண்மீன் இணையின் பெயர் என்ன? அதை வானில் எந்தப் பக்கம் தேட வேண்டும்? வெறுங்கண்ணுக்குத் தெரியுமா?
– வாசகர், திருநெல்வேலி

அண்மை விண்மீன்களின் பட்டியலில் அதன் பெயர் ஜிஜே 896. ஒளி மாறும் விண்மீன்களின் பட்டியலில் அதே இணை ஈக்யூ பெகாசி என்று குறிக்கப்படுகிறது. பெகாசஸ் எனும் பறக்கும் குதிரை விண்மீன் குழுவில் ஒரு பெரிய சதுரம் உண்டு. அதன் மேற்குப் பக்கத்து இரண்டு விண்மீன்கள் நம் பஞ்சாங்கத்துப் பூரட்டாதி. கிழக்குப் பக்கத்து இரண்டும் உத்திரட்டாதி. அந்தச் சதுரத்துக்கு உள்ளே, பூரட்டாதிப் பக்கத்தைச் சற்று ஒட்டினாற்போல் ஜிஜே 896 இருக்கிறது. நவம்பர் மாத நடுவில் இரவு எட்டு மணியளவில் தமிழ்நாட்டிலிருந்து பார்ப்பவர்களுக்கு அந்த இடம் ஏறக்குறைய உச்சி வானில் வந்து நிற்கும்.

ஆனால் இடம் தெரிந்தாலும் விண்மீன் தெரியாது. வெறுங்கண்ணால் காணக்கூடிய மிக மங்கலான விண்மீனைவிட அது நாற்பது மடங்குக்கும் மேல் மங்கலானது. நம் பால்வீதியிலுள்ள விண்மீன்களில் ஏறக்குறைய நான்கில் மூன்று பங்கு சிவப்புக் குறுமீன்களே என்றாலும், அவற்றுள் ஒன்றுகூட வெறுங்கண்ணுக்குத் தெரிவதில்லை. சூரியனை விட்டால் நமக்கு மிக அருகிலுள்ள விண்மீனான பிராக்ஸிமா சென்டாரியும் சிவப்புக் குறுமீன்தான், 4.24 ஒளியாண்டு தொலைவில் இருந்தும் அதை 1915ஆம் ஆண்டில்தான், தென்னாப்பிரிக்காவில் பணியாற்றிய ராபர்ட் இன்னஸ் கண்டறிந்தார்.

இரண்டு சூரியன்கள் இருக்கும் உலகத்தில் வெயில் இரண்டு மடங்காக இருக்குமா? அங்கே இரவு என்பதே வராதா?
– வாசகி, தஞ்சாவூர்

‘இரண்டு சூரியன்கள்’ என்ற சொற்களைக் கேட்டதும், அடிவானத்தில் அருகருகே இரண்டு தட்டுகள் மறைவதைப் போன்ற ஓவியம்தான் பலருக்கும் மனத்தில் எழுகிறது. பத்திரிகைகளும் அதையே அச்சிடுகின்றன. ஜிஜே 896 இணைக்கு அந்த ஓவியம் சற்றும் பொருந்தாது.

முதலில் அளவுகளைப் பார்ப்போம். பெரிய விண்மீனின் நிறை சூரியனில் 44 விழுக்காடு. சிறியது 17 விழுக்காடு. இரண்டுக்கும் இடைப்பட்ட தொலைவு, சூரியனுக்கும் நெப்டியூனுக்கும் இடைப்பட்ட தொலைவை ஒத்தது. ஒன்றையொன்று ஒருமுறை சுற்றி முடிக்க 229 ஆண்டுகள் ஆகின்றன. கோளோ பெரிய விண்மீனை மட்டுமே, சூரியனிலிருந்து வெள்ளி இருக்கும் தொலைவைவிடச் சற்றுக் குறைந்த தொலைவில், 284 நாள்களுக்கு ஒருமுறை சுற்றுகிறது. அதாவது, கோளிலிருந்து அதன் சொந்தச் சூரியன் இருக்கும் தொலைவைப் போல ஏறக்குறைய ஐம்பது மடங்கு தொலைவில் இரண்டாவது சூரியன் இருக்கிறது.

பூமியிலிருந்து நாம் அளக்கும் பிரகாசத்தைக் கொண்டு தோராயமாகக் கணக்கிட்டால், அந்த இரண்டாவது சூரியன் கோளின் வானத்தில் நம்முடைய அரை நிலாவை ஒத்த ஒளியையே தரும். வட்டத் தட்டாகவும் அது தெரியாது. கூர்மையான, கண்ணை உறுத்தும் ஒரு செம்புள்ளியாகத் தெரியும். கோள் தன் சுற்றுப்பாதையில் நகர நகர, ஆண்டின் ஒரு பாதியில் அந்தப் புள்ளி பகல் வானத்திலும் மறுபாதியில் இரவு வானத்திலும் இருக்கும். ஆகவே இரவு உண்டு. சில மாதங்களில் அது அரை நிலா வெளிச்சத்தில் கழியும், அவ்வளவுதான். வெப்பத்துக்கு அந்த இரண்டாவது சூரியனால் ஒரு பயனும் இல்லை.

முதல் சூரியனும் பெரிதாகக் காய்வதில்லை என்பதைச் சேர்த்துச் சொல்ல வேண்டும். வெள்ளியைவிட அருகில் இருக்கிறது என்றதும் கொதிக்கும் உலகத்தை எண்ணிக்கொள்ளக் கூடாது. சிவப்புக் குறுமீனின் ஒளிர்வு மிகக் குறைவு என்பதால், பூமிக்குச் சூரியனிடமிருந்து கிடைக்கும் ஆற்றலில் பத்தில் ஒரு பங்குகூட அந்தக் கோளுக்குக் கிடைப்பதில்லை. அது குளிர்ந்த வளிக்கோள். நின்று பார்க்கத் தரையும் இல்லாதது.

யாரும் கண்ணால் பார்க்காத கோளை இருக்கிறது என்று எப்படிச் சொல்கிறார்கள்? அதிலும் எடை, பாதை எல்லாம் எப்படித் தெரிந்தது?
– வாசகர், கோயம்புத்தூர். இதே கேள்வி சேலத்திலிருந்தும்

கோள் விண்மீனைச் சுற்றுகிறது என்று வழக்கத்தில் சொல்கிறோமே தவிர, உண்மையில் இரண்டும் தமக்குப் பொதுவான நிறைமையத்தைச் சுற்றுகின்றன. விண்மீன் மிகக் கனமானது என்பதால் அந்த மையம் அதற்கு அருகிலேயே அமைகிறது. விண்மீன் மிகச் சிறிய வட்டம் ஒன்றைப் போடுகிறது. ஜிஜே 896இன் பெரிய விண்மீன் போடும் அந்த வட்டத்தின் ஆரம் கணக்குப்படி ஏறக்குறைய ஐந்து லட்சம் கிலோமீட்டர். கேட்பதற்குப் பெரிய எண்தான். ஆனால் 20 ஒளியாண்டுக்கு அப்பாலிருந்து பார்க்கும்போது, நிலவின் மேல் நிறுத்திய ஒரு மீட்டர் கோலைப் பூமியிலிருந்து பார்த்தால் தெரியும் அளவுக்குத்தான் அந்த ஆரம் தெரியும்.

இவ்வளவு நுண்ணிய அசைவைப் பிடித்தது ஒளித் தொலைநோக்கி அன்று, ரேடியோ தொலைநோக்கி. மெக்சிகோ தேசியத் தன்னாட்சிப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த சல்வடோர் குரியேலும் அவருடைய குழுவினரும் இதற்குப் பயன்படுத்திய மிக நீள் அடித்தள வரிசை என்னும் அமைப்பில், ஒவ்வொன்றும் 25 மீட்டர் விட்டமுள்ள பத்து அலைவாங்கிகள், பசிபிக்கிலுள்ள ஹவாய் முதல் கரீபியனிலுள்ள வர்ஜின் தீவுகள் வரை பரந்து கிடக்கின்றன. பத்தும் ஒரே நேரத்தில் ஒரே விண்மீனைக் கேட்டுப் பதிவு செய்வதைப் பின்னர் ஒன்றிணைத்தால், நுணுக்கத்தைப் பொறுத்தவரை 8,600 கிலோமீட்டர் அகலமுள்ள ஒற்றைத் தொலைநோக்கியைப் போல அது செயல்படுகிறது.

சாதாரண விண்மீன்களின் ரேடியோ ஒலிபரப்பு இந்த வேலைக்குப் போதாத அளவு மெல்லியது. ஜிஜே 896இன் பெரிய விண்மீன் ஏறக்குறைய ஒரே நாளில் தன்னைத்தானே சுற்றிக்கொள்கிறது. நம் சூரியனுக்கோ அதற்கு 25 நாள்கள் வேண்டும். இந்த வேகச் சுழற்சி அதனுள் வலுவான காந்தப்புலத்தை உண்டாக்குகிறது, அந்தக் காந்தப்புலம் ரேடியோ அலைகளைப் பிறப்பிக்கிறது. ஒளி மாறும் விண்மீன் என்று அதற்குப் பெயர் வாங்கித் தந்த அதே கொந்தளிப்பே கோளைக் காட்டிக்கொடுக்கவும் உதவியது என்பது இந்தக் கதையில் எனக்குப் பிடித்த பகுதி.

2006 முதல் 2011 வரை எடுக்கப்பட்ட ரேடியோப் பதிவுகளையும், 2020இல் புதிதாக எடுத்தவற்றையும், இரண்டு விண்மீன்களின் நிலையை 1941 முதல் 2017 வரை ஒளித் தொலைநோக்கிகள் குறித்துவைத்திருந்த பழைய அளவீடுகளையும் அவர்கள் ஒன்றாக வைத்துக் கணக்கிட்டார்கள். விண்மீன் வானில் செல்லும் பாதையிலிருந்து, பூமி சூரியனைச் சுற்றுவதால் தோன்றும் ஆட்டத்தைக் கழித்து, துணை விண்மீனின் ஈர்ப்பால் வரும் 229 ஆண்டு வளைவையும் கழித்த பிறகு, 284 நாள்களுக்கு ஒருமுறை திரும்பத் திரும்ப வரும் சிறு தள்ளாட்டம் எஞ்சி நின்றது. அதன் அளவிலிருந்து கோளின் நிறை வியாழனைப் போல இரண்டு மடங்குக்குச் சற்று மேல் என்று தெரியவந்தது. 2022ஆம் ஆண்டில் முடிவு வெளியானது.

இரட்டை விண்மீன்களுக்குக் கோள் இருக்கலாம் என்ற எண்ணமே புதியதா, அல்லது முன்பே யாராவது சொல்லியிருக்கிறார்களா?
– வாசகர், சென்னை

சென்னையிலிருந்து இந்தக் கேள்வி வந்திருப்பது பொருத்தமே, ஏனெனில் இப்படி முதன்முதலில் அளவீட்டை வைத்து வாதிட்டவர் சென்னையில் இருந்தவர். கிழக்கிந்தியக் கம்பெனியின் சென்னை வானாய்வகத்துக்குத் தலைவராக இருந்த கேப்டன் டபிள்யூ. எஸ். ஜேக்கப், 70 ஒஃபியூக்கி என்ற இரட்டை விண்மீனின் பாதை கணக்குக்குச் சரிவரப் பொருந்தாததைக் கண்டு, அதற்குக் கண்ணுக்குத் தெரியாத ஒரு கோள் காரணமாக இருக்கக்கூடும் என்று 1855இல் எழுதினார். அந்த இணை சிவப்புக் குறுமீன்களால் ஆனது அன்று. செம்மஞ்சள் நிறமுள்ள, சற்றுப் பெரிய விண்மீன்களால் ஆனது. இடம் நுங்கம்பாக்கம், இப்போது வானிலை ஆய்வு மைய வளாகமாக இருக்கும் அதே இடத்தில், 1792இல் எழுந்த அந்தப் பழைய வானாய்வகத்தின் கருங்கல் தூண் இன்றும் நிற்கிறது.

ஜேக்கப் சொன்ன கோள் இல்லை என்பது பின்னர் தெளிவாயிற்று. 1890களில் அமெரிக்கரான டி. ஜே. ஜே. ஸீ அதே இணையில் 36 ஆண்டுக்கு ஒருமுறை சுற்றும் இருண்ட துணை உண்டென்று கிளப்பினார். அப்படி ஒரு பாதை நிலைத்திருக்கவே முடியாது என்று ஃபாரஸ்ட் ரே மோல்டன் 1899இல் நிறுவினார். இருபதாம் நூற்றாண்டிலும் இதே கதைதான். பீட்டர் வான் டெ காம்ப் 1960களில் பர்னார்டு விண்மீனுக்கு உண்டென்று அறிவித்த கோள், அவர் பயன்படுத்திய தொலைநோக்கியின் வில்லையைக் கழற்றிப் பொருத்தியபோது ஏற்பட்ட பிசகின் விளைவு என்று பின்னர் முடிவாயிற்று.

விண்மீனின் தள்ளாட்டத்தை வானில் நேரடியாக அளக்கும் இந்த முறை நூற்றைம்பது ஆண்டுகளாகப் பொய்க் கோள்களையே பெற்றுக்கொண்டிருந்தது என்று சொன்னால் மிகையில்லை. முறையில் தவறில்லை, கருவிகளின் நுணுக்கம்தான் போதவில்லை. ஜேக்கப்பின் ஊகம் 70 ஒஃபியூக்கிக்குப் பொருந்தாமற்போனாலும், அவர் போட்ட அதே வகைக் கணக்குத்தான் ஜிஜே 896இல் பலித்திருக்கிறது.

கோளின் பாதைக்கும் விண்மீன்களின் பாதைக்கும் 148 பாகை சாய்வு என்று ஓரிடத்தில் படித்தேன். 90 பாகைக்கு மேல் சாய்வு என்றால் என்ன பொருள்?
– பள்ளி ஆசிரியர், விருதுநகர்

இரண்டு பாதைகளும் ஒரே தளத்தில், ஒரே திசையில் இருந்தால் சாய்வு சுழியம். ஒன்றுக்கொன்று செங்குத்தாக இருந்தால் 90 பாகை. அதையும் தாண்டிச் சாய்த்துக்கொண்டே போனால், தளங்கள் மீண்டும் நெருங்கி வரும். ஆனால் சுற்றும் திசை தலைகீழாகிவிடும். 180 பாகையில் தளம் ஒன்றே, திசை மட்டும் நேர் எதிர். ஆக, 148 பாகை என்பது முழு எதிர்த்திசைக்கு 32 பாகை குறைவு. கோயில் பிராகாரத்தில் எல்லோரும் வலமாக வரும்போது ஒருவர் மட்டும் இடமாக வருவதைப் போல, துணை விண்மீன் ஒரு பக்கமாகச் செல்ல, கோள் அதற்கு எதிர்ப்பக்கமாகச் செல்கிறது.

இந்த எண் ஏன் பெரிதாகப் பேசப்படுகிறது என்பதைச் சற்று விரித்துச் சொல்ல வேண்டும். மற்ற வழிகளில் கண்டறியப்படும் கோள்களின் பாதை நமக்கு முழுமையாகத் தெரிவதில்லை. விண்மீனின் ஒளி நிறமாலை முன்னும் பின்னும் நகர்வதை அளக்கும் முறையில், நம்மை நோக்கியும் நம்மை விட்டு விலகியும் நடக்கும் அசைவு மட்டுமே தெரியும்; பாதை எவ்வளவு சாய்ந்திருக்கிறது என்பது தெரியாததால் நிறையையும் ‘குறைந்தது இவ்வளவு’ என்றுதான் சொல்ல முடியும். கோள் விண்மீனுக்குக் குறுக்கே கடக்கும்போது ஒளி மங்குவதை அளக்கும் முறையில், பாதையின் விளிம்பு நம்மை நோக்கி இருக்கிறது என்பது தெரியும். அந்தப் பாதை வானத்தில் எந்தப் பக்கமாகப் படுத்திருக்கிறது என்பது தெரியாது. வானில் விண்மீனின் அசைவை இரண்டு பரிமாணங்களிலும் நேரடியாக அளக்கும்போதுதான் பாதையின் வடிவம், சாய்வு, கிடை மூன்றும் கிடைக்கின்றன. ஜிஜே 896இல் கோளின் பாதை, துணை விண்மீனின் பாதை ஆகிய இரண்டும் இப்படிக் கிடைத்தன. நெருக்கமான ஓர் இரட்டை விண்மீனிலும் அதன் கோளிலும் எல்லாப் பாதைகளின் முப்பரிமாண அமைப்பு முழுவதும் தெரியவந்தது இதுவே முதல் முறை.

அப்படித் தெரிந்த பிறகு ஒரு சிக்கலும் கூடவே வந்து சேர்ந்தது. விண்மீன் பிறக்கும்போது அதைச் சூழ்ந்து தட்டையான வளித்தூசி வட்டு உருவாகிறது, அந்த வட்டில் கோள்கள் பிறக்கின்றன என்பது பொதுவாக ஏற்கப்பட்ட விளக்கம். துணை விண்மீனும் அதே வட்டிலிருந்து பிரிந்து பிறந்திருந்தால், எல்லாம் ஏறத்தாழ ஒரே தளத்தில் ஒரே திசையில் சுற்ற வேண்டும். நம் சூரியக் குடும்பத்தின் எட்டுக் கோள்களும் அப்படித்தான் சுற்றுகின்றன. இங்கே அப்படி இல்லை.

இதற்குச் சொல்லக்கூடிய விளக்கங்கள் இரண்டு. இரண்டு விண்மீன்களும் ஒரே வட்டில் பிறக்காமல், கொந்தளிக்கும் வளிமுகிலின் வெவ்வேறு பகுதிகளில் வெவ்வேறு சுழற்சியோடு பிறந்து, பின்னர் ஈர்ப்பால் இணைந்திருக்கலாம். அப்போது சாய்வு பிறவியிலேயே வந்தது. அல்லது, நேராக இருந்த பாதையைத் துணை விண்மீனின் ஈர்ப்பு காலப்போக்கில் புரட்டியிருக்கலாம். தொலைவிலுள்ள துணை, உள்ளே இருக்கும் பாதையை மெல்ல மெல்ல நீட்டியும் சாய்த்தும் ஆட்டுவிக்கும் என்பதைச் சோவியத் நாட்டு மிகைல் லிடோவும் ஜப்பானின் யோஷிஹிடே கொசாயும் 1960களின் தொடக்கத்தில் தனித்தனியே கண்டறிந்தார்கள். ஆனால் அந்த ஆட்டம் வலுவாக நடக்க, சாய்வு தோராயமாக 39 முதல் 141 பாகைக்குள் இருக்க வேண்டும். 148 பாகை அந்த எல்லைக்குச் சற்று வெளியே நிற்கிறது. எனக்கு முதல் விளக்கமே பொருத்தமாகப் படுகிறது, என்றாலும் ஒரே ஒரு இணையை வைத்து வழக்கைத் தீர்த்துவிட முடியாது.

இவ்வளவு சிறிய விண்மீனுக்கு இவ்வளவு கனமான கோள் வாய்த்ததும் எளிதில் விளங்குவதில்லை. குறுமீன்களைச் சூழ்ந்து உருவாகும் வட்டுகளில் பொருள் குறைவு என்பதால், அவற்றில் வியாழன் போன்ற கோள்கள் அரிதாகவே பிறக்க வேண்டும் என்றுதான் கணிப்புகள் சொல்கின்றன.

இரண்டு விண்மீன்கள் இரண்டு பக்கமும் இழுத்தால் கோள் தூக்கி எறியப்படாதா?
– வாசகி, யாழ்ப்பாணம்

எல்லாம் தொலைவைப் பொறுத்தது. கோள் ஒரு விண்மீனுக்குப் போதிய அளவு அருகில் இருந்தால் மற்ற விண்மீனின் இழுப்பு அதை அசைக்காது. ஏறத்தாழ வட்டமான, சம நிறையுள்ள விண்மீன்களுக்கு, அவற்றின் இடைத்தொலைவில் கால் பங்குக்குள் கோள் இருந்தால் பாதை நிலைக்கும் என்பது கணினிக் கணக்குகள் தரும் தோராய விதி. ஜிஜே 896இன் கோள் இடைத்தொலைவில் ஐம்பதில் ஒரு பங்கில் பாதுகாப்பாக இருக்கிறது.

இன்னொரு வகையும் உண்டு. இரண்டு விண்மீன்களும் மிக நெருக்கமாக இருந்தால், கோள் இரண்டையும் சேர்த்தே சுற்றலாம். அதற்கு இடைத்தொலைவைப் போல ஏறக்குறைய இரண்டரை மடங்குக்கு அப்பால் அது இருக்க வேண்டும். 2011இல் அறிவிக்கப்பட்ட கெப்ளர்-16 இணையின் கோள் மூன்று மடங்கைச் சற்றே தாண்டிய தொலைவில், எல்லையை ஒட்டி நிற்கிறது.

அந்த இரண்டாம் வகையிலும் இரண்டு சிவப்புக் குறுமீன்களைச் சுற்றும் கோள் ஒன்று தெரியவந்திருக்கிறது. அது பால்வீதியின் மையத்தை நோக்கி 8,000 ஒளியாண்டு தொலைவில் இருக்கிறது. அவ்வளவு தொலைவிலுள்ள குறுமீனின் கோளைத் தள்ளாட்டத்தைக் கொண்டு பிடிக்க முடியாது. அதைப் பிடித்தது ஈர்ப்பு நுண்வில்லை முறை. ஒரு விண்மீன் வேறொரு தொலைதூர விண்மீனுக்கு நேர் முன்னால் வரும்போது, முன்னதின் ஈர்ப்பு பின்னதன் ஒளியை வளைத்துக் குவிப்பதால், பின்னது சில நாள்களோ வாரங்களோ கூடுதலாக ஒளிர்ந்து அடங்கும். இப்படி நடக்கும் என்று 1936இல் எழுதிய ஐன்ஸ்டைன், இதை நேரில் காணும் வாய்ப்பு இல்லை என்றும் சேர்த்து எழுதினார். இன்று இத்தகைய நிகழ்வுகள் ஆண்டுதோறும் ஏராளமாகப் பதிவாகின்றன.

2007இல் சிலி நாட்டுத் தொலைநோக்கியைக் கொண்டு, இத்தகைய நுண்வில்லை நிகழ்வுகளைத் தேடும் ஓகிள் குழு பதிவு செய்த ஒரு நிகழ்வின் ஒளி வரைகோட்டில், ஒரு விண்மீனும் ஒரு கோளும் மட்டும் இருந்தால் வராத கூடுதல் நெளிவு ஒன்று இருந்தது. விண்மீன் ஒன்று, கோள்கள் இரண்டு என்றும் அதை விளக்கலாம். விண்மீன்கள் இரண்டு, கோள் ஒன்று என்றும் விளக்கலாம். எது சரி என்று தீர்க்க ஒன்பது ஆண்டுகள் ஆயின. ஹப்பிள் தொலைநோக்கியின் படங்களை ஆராய்ந்த டேவிட் பென்னெட்டின் குழு, அங்கே ஒற்றை விண்மீன் இருந்தால் தெரிய வேண்டிய அளவு ஒளி இல்லை, இரண்டு மங்கலான சிவப்புக் குறுமீன்கள் இருந்தால்தான் கணக்கு ஒத்துவருகிறது என்று 2016இல் அறிவித்தது. இரண்டு குறுமீன்களுக்கும் இடையே வெறும் 1.1 கோடி கிலோமீட்டர். சனியை ஒத்த நிறையுள்ள கோள் அவற்றிலிருந்து ஏறக்குறைய 48 கோடி கிலோமீட்டர் தள்ளி, ஏழாண்டுக்கு ஒருமுறை சுற்றுகிறது. இரண்டு சூரியன்கள் எப்போதும் சேர்ந்தே உதித்துச் சேர்ந்தே மறையும் ஓவியத்தை யாராவது வரைய விரும்பினால், இந்த இணையை வைத்து வரையலாம்.

சிவப்புக் குறுமீன் இணைகளில் உயிர் வாழ முடியுமா?
– மாணவி, திருச்சிராப்பள்ளி

நாம் பேசிவந்த ஜிஜே 896இன் கோளில் முடியாது. அது குளிர்ந்த வளிக்கோள். நீர் நீராகவே நிற்கக்கூடிய வெப்பம் வேண்டுமானால், அந்தக் குறுமீனுக்கு இன்னும் பல மடங்கு நெருங்கி, பாறைக்கோள் ஒன்று இருந்தாக வேண்டும். அப்படி இருந்தாலும், அருகில் சென்ற குற்றத்துக்கு அது தண்டனை அனுபவிக்கும். சிவப்புக் குறுமீன்கள், அதிலும் வேகமாகச் சுழல்பவை, திடீர் திடீரென்று சீறும். சீட்டஸ் விண்மீன் குழுவில் 8.7 ஒளியாண்டு தொலைவிலுள்ள யூவி சீட்டி, இரண்டு சிவப்புக் குறுமீன்களாலான இணையில் ஒன்று. அது 1952இல் இருபதே நொடிகளில் 75 மடங்கு பிரகாசமாயிற்று. நம் சூரியனின் சீற்றத்தால் அதன் மொத்த ஒளியில் ஏற்படும் மாற்றம் ஒரு விழுக்காட்டைக்கூட எட்டாது. இத்தகைய சீற்றத்தோடு வரும் புறஊதாக் கதிர்களும் எக்ஸ் கதிர்களும், அருகிலுள்ள கோளின் காற்றுமண்டலத்தைச் சிறிது சிறிதாக உரித்தெடுக்கக்கூடியவை.

ஆகவே இந்த வகைக் கோள்களில் உயிருக்கு எதிரி இரண்டாவது விண்மீனின் ஈர்ப்பு என்பதைவிட, சொந்த விண்மீனின் குணமே என்பது என் கருத்து. இதைச் சோதித்துப் பார்க்க நல்ல இடமாக எரிடானஸ் குழுவில் 22 ஒளியாண்டு தொலைவில் எல்டிடி 1445 இருக்கிறது. அங்கே மூன்று சிவப்புக் குறுமீன்கள். இரண்டு தமக்குள் சுற்றிக்கொள்கின்றன, மூன்றாவது அவற்றிலிருந்து விலகி நிற்கிறது. விலகி நிற்பதைச் சுற்றும் கோள் ஒன்றை 2019இல் ஜெனிஃபர் வின்டர்ஸின் குழு, விண்மீன்களுக்குக் குறுக்கே கடக்கும் கோள்களைத் தேடும் டெஸ் விண்கலத்தின் தரவைக் கொண்டு அறிவித்தது. பூமியைப் போல 1.3 மடங்கு ஆரமுள்ள அது 5.36 நாளில் ஒருமுறை சுற்றுகிறது. பின்னர் 3.12 நாளில் சுற்றும் இன்னொரு கோளும் தெரியவந்தது. இரண்டும் உயிருக்கு ஏற்காத வெப்பமுள்ளவைதான். ஆனால் இரண்டும் விண்மீனுக்குக் குறுக்கே கடப்பதால், அவற்றுக்குக் காற்றுமண்டலம் எஞ்சியிருக்கிறதா என்று ஆராய முடியும். அவற்றின் சொந்த விண்மீன் சிவப்புக் குறுமீன்களுக்குள் சற்று அமைதியான வகை என்பது கூடுதல் வசதி.

இந்தக் குறுமீன்கள் எவ்வளவு காலம் எரியும்?
– வாசகர், ஈரோடு

சூரியனுக்கு மொத்த ஆயுள் ஏறக்குறைய 1,000 கோடி ஆண்டுகள். ஜிஜே 896இன் இரண்டும் அதைப் பன்மடங்கு தாண்டும். மிகச் சிறிய குறுமீன்கள் லட்சம் கோடி ஆண்டுகளையும் கடந்து எரியும். அண்டத்தின் வயதே 1,380 கோடி ஆண்டுகள்தான் என்பதால், ஆயுள் முடிந்து அணைந்த சிவப்புக் குறுமீன் இன்னும் எங்கும் இல்லை.

அந்தக் கோளை என்றாவது ஒருநாள் படம் பிடிக்க முடியுமா?
– வாசகர், கோலாலம்பூர்

விண்மீனையும் கோளையும் பிரித்துக் காண்பது அவ்வளவு கடினமன்று. நமக்கு இருக்கும் தொலைவிலிருந்து இரண்டுக்கும் இடையே ஏறக்குறைய பத்தில் ஒரு பங்கு விகலை (விகலை என்பது ஒரு பாகையில் 3,600இல் ஒரு பங்கு) இடைவெளி இருக்கும்; சிலியில் செர்ரோ அர்மசோனஸ் மலைமேல் கட்டப்பட்டுவரும் 39 மீட்டர் ஐரோப்பியத் தொலைநோக்கி, அகச்சிவப்பு ஒளியில் அதைவிடப் பத்து மடங்கு நுணுக்கமாகவே பிரித்துக் காட்டக்கூடியது. தொல்லை வேறிடத்தில் இருக்கிறது. கோள் குளிர்ந்தது, தானாக வீசும் ஒளி குறைவு. அதற்கு மிக அருகிலேயே அதைவிடப் பன்மடங்கு ஒளிரும் விண்மீன். விண்மீனின் ஒளியை மறைக்கும் கருவி எவ்வளவு திறமையாக மறைக்கிறது என்பதைப் பொறுத்தே படம் கிடைக்கும். ஆனால் முன்பின் தெரியாத கோளைத் தேடுவோருக்கு இல்லாத ஒரு வசதி இங்கே உண்டு: பாதை முழுவதும் தெரிந்திருப்பதால், எந்த மாதத்தில் கோள் விண்மீனுக்கு எந்தப் பக்கம் நிற்கும் என்பதை முன்கூட்டியே கணக்கிட்டுக்கொண்டு தொலைநோக்கியைத் திருப்பலாம்.